இப்பச் சிரிக்கணுமாப்பா?

என் மகளுக்கு ஒரு வயதில் ஒரு துண்டு போதும். முகத்தை மூடித் திறந்தால் கெக்கலித்துச் சிரிப்பாள். நான்கு வயதில் செருப்பைத் தலையில் வைத்துக்கொண்டு வந்து நிற்பாள். நாங்கள் சிரிக்கும்வரை எடுக்க மாட்டாள். ஏழு வயதில் எறும்பு லாரி ஓட்டுகிற கதை சொல்லுவாள். பாதியிலேயே அவளுக்குச் சிரிப்பு வந்துவிடும். முடிவு என்னவென்று இன்றுவரை எங்களுக்குத் தெரியாது.

ஒன்பது வயதில் சிரிப்பு நின்றுபோனது.

என் மனைவி ஏழாயிரம்பண்ணைப் பக்கம் ஒரு பட்டாசுக் கம்பெனியில் வேலை பார்க்கிறாள். போன சீசனில் ஒரு மத்தியானம் அந்தத் திசையில் பெரிய சத்தம் கேட்டது. வேலையாட்களின் செல்போனைக் கம்பெனி வாசலிலேயே வாங்கி வைத்துவிடுவார்கள். நான் கூப்பிடக் கூப்பிட மணி அடித்துக்கொண்டே இருந்தது, எடுக்க ஆளில்லை. வேலையாட்களைக் கொண்டுவந்து விடும் கம்பெனி வேன் வந்துசேர இருட்டிவிட்டது. வெடித்தது பக்கத்துக் கம்பெனி. இவளுக்கு ஒரு கீறல்கூட இல்லை. ஆனால் அதற்குள் நான் அழுததை மகள் பார்த்துவிட்டாள்.

பிறகு அவளைச் சிரிக்கவைக்கும் வேலையை நான் எடுத்துக்கொண்டேன். என்னைப் போலப் பள்ளிக்கூட வாத்தியார் சொல்லும் நகைச்சுவை எப்படியிருக்கும் என்று உங்களுக்கே தெரியும். ஒரு தடவை பொறுமையாகக் கேட்டுவிட்டு, "இப்பச் சிரிக்கணுமாப்பா?" என்றாள்.

சாயங்காலமானால் வேன் நிற்கும் தெருமுக்குக்குப் போய்விடுவேன். பயந்துபோய் நிற்பது தெரியக்கூடாதே, அதனால் அங்கிருக்கும் காய்கறிக் கடையில் தினமும் ஒரு கட்டு கொத்தமல்லி வாங்குவேன். வீட்டில் ரசம், துவையல், மறுபடியும் துவையல். யாரும் எதுவும் கேட்கவில்லை. நம்பிவிட்டார்கள் என்றே நினைத்தேன்.

நேற்று மகளும் கூட வந்தாள். வேன் கால்மணி நேரம் தாமதம். நான் ஒரு கட்டு வாங்கினேன், இன்னொன்று வாங்கினேன், மூன்றாவதற்கும் கை நீட்டிவிட்டேன். மனைவி இறங்கியதும் மகள் முன்னால் போய், வெகு நிதானமாகச் சொன்னாள்:

"யம்மா, நாளைக்குச் சீக்கிரம் வந்துரு. இன்னும் கொஞ்சம் லேட்டாகியிருந்தா அப்பா கடையவே வாங்கியிருப்பாக."

வேனுக்குள் இருந்த பெண்கள் சிரித்துவிட்டார்கள். "சார், எங்களுக்கும் ரெண்டு கட்டு குடுங்க, அம்புட்டயும் நீங்களே என்ன செய்யப் போறீக?" என்றாள் ஒருத்தி. மனைவி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். மகள் மட்டும் சிரிக்காமல் என்னையே பார்த்தாள். நான் கோபமாக இருப்பதுபோல் காட்டப் பார்த்தேன், முடியவில்லை. அதற்குப் பிறகுதான் சிரித்தாள், வீடு வந்துசேரும்வரை.

இன்றைக்கும் போக வேண்டும். என்ன வாங்குவது என்றுதான் தெரியவில்லை.