பிறை வீடுகளின் பின்பக்கம்

பள்ளிக்கூட ப்ராஜெக்ட்டைப் பெற்றோரே செய்து கொடுப்பது அமெரிக்காவில், இந்த பிளெய்ன்ஸ்பரோவில் எங்கள் ஆட்களுக்கு ஒரு வியாதி. டாக்டர் அப்பா இதயம் செய்வார், இன்ஜினியர் அப்பா பாலம் கட்டுவார். பிள்ளை தூக்கிக்கொண்டு போகும். சீ, இதெல்லாம் ஒரு பிழைப்பா என்று நான்தான் ஊர் முழுக்கச் சொல்லிக்கொண்டு திரிந்தேன்.

தொண்ணூற்றொன்பதில், ஐந்தாம் வகுப்பிலிருந்த என் மகளுக்கு ப்ராஜெக்ட்டாக இங்கிலாந்தின் பாத் நகரம் வந்தது. வெந்நீர் ஊற்றைச் சுற்றி ரோமானியர் குளம் கட்டிய ஊர். பிற்காலத்தில், அந்தத் தண்ணீரைக் குடித்தால் நோய் தீரும் என்று பணக்காரர்கள் வந்து குவிந்தார்கள். அவர்களுக்காகப் பிறை வடிவில் முப்பது வீடுகள் எழுந்தன. முன்பக்கம் முழுக்க ஒரே மாதிரித் தூண்கள், பார்த்தால் ஒரே அரண்மனை. பின்பக்கத்தை மட்டும் அவரவர் இஷ்டத்துக்குக் கட்டிக்கொண்டார்கள். ஒன்று உயரம், ஒன்று குட்டை, இன்னொன்று துருத்திக்கொண்டு நிற்கும்.

மகளுக்குப் பிடித்தது அந்தப் பின்பக்கம்தான். காலையில் பாலில் போட்டுத் தின்னும் சீரியலின் அட்டை டப்பாக்களை வெட்டி இரண்டு வாரம் ஒட்டினாள். பசை வழிந்து, புகைபோக்கி சாய்ந்து, பார்க்கச் சகிக்கவில்லை. நானோ சென்னையில் ஆர்க்கிடெக்சர் படித்தவள். கணவரின் விசாவில் வந்ததால் வேலைக்குப் போக அனுமதி கிடையாது. ஏழு வருடமாக ஸ்கேலைத் தொடவில்லை. கை துறுதுறுத்தது. அவள் ஸ்கூலுக்குப் போயிருந்தபோது அதைத் தூக்கி வெளியே இருந்த பெரிய குப்பைத்தொட்டியில், டம்ப்ஸ்டரில் போட்டுவிட்டு, தெர்மாகோலில் முன்பக்கத் தூண்களை நானே செதுக்கினேன். வந்து பார்த்தவள் அழவில்லை. நல்லா இருக்குல்ல என்று வேறு கேட்டேன். என் மூஞ்சியில் நானே காறித் துப்பலாம்.

பெற்றோரை வரச்சொல்லியிருந்த நாளில், என் தூண்களைப் பார்த்து டீச்சர் அசந்துபோனார். எப்படிச் செய்தாய் என்று மகளைக் கேட்டார்.

"மை மாம் மேட் இட். மைன் இஸ் இன் த டம்ப்ஸ்டர்," என்றாள், பஸ் வரும் நேரத்தைச் சொல்வதுபோல.

பக்கத்திலிருந்த நம்மூர் அம்மாக்கள் தரையைப் பார்த்தார்கள். சரி, உன்னுடையதைப் பற்றிச் சொல் என்றார் டீச்சர். அவள் வெறுங்கையைக் காற்றில் ஆட்டி ஆட்டி ஒவ்வொரு வீட்டின் முதுகையும் சொன்னாள். யார் சமையலறையை நீட்டினார்கள், யார் ஜன்னலை அடைத்தார்கள், எந்தச் சுவர் கோணல் என்று ஒன்றுவிடாமல். கேட்டுக்கொண்டிருந்த பிள்ளைகள் ஆசையாக எழுந்து, என் மாடலைச் சுற்றிப் பின்பக்கம் போய்ப் பார்த்தார்கள். அங்கே வெறும் வெள்ளை அட்டைதான் இருந்தது.