முழு எலும்பு வேணும்ணே

உடைஞ்ச எலும்பைப் பிடிச்சு நிறுத்திட்டு, எலும்பு கூடினப்புறம் தானாக் கரைஞ்சுபோற திருகு செய்யிறதுதான் என் ஆராய்ச்சி. மனுசங்களுக்குப் போடுமுன்னாடி அதை ஆட்டெலும்புல முடுக்கி, மெஷின்ல மாட்டிப் பிடுங்கி, எவ்வளவு பலமாப் பிடிச்சிருக்குன்னு அளக்கணும். கேக்க லேசா இருக்கா? ஆராய்ச்சின்னு வந்து மாட்டிக்கிட்ட என் மக்களே, உங்களுக்குத் தெரியாததா!

காரைக்குடியில அந்த மெஷின் எனக்கு இந்த வியாழக்கிழமை காலையில மட்டும்தான். விட்டா அடுத்த முறை வர ரெண்டு மாசம். மாசக் கடைசிக்குள்ள ஆய்வேட்டைக் குடுத்தாத்தான் காலேஜ் வேலைக்கு மனுப் போடலாம். வேண்டியது ஆறு தொடையெலும்பு. ஒரு இடத்துல உக்கார முடியல எனக்கு.

நல்லி

தேவகோட்டையில எங்களுக்குக் கறி போடுற அண்ணன்கிட்ட, "முழு எலும்பு வேணும்ணே"ன்னு ரெண்டு தடவை சொன்னேன். தலையை ஆட்டினாரு. வீட்டுல பிரிச்சா, ஆறும் நடுவுல சரியா ரெண்டாப் பிளந்து கெடக்கு. வந்த ஆத்திரத்துல பையோட திரும்ப ஓடினேன். அவருக்கு என் கோவமே புரியல. "ஒண்ணும் குறையல, முழுசாத்தான இருக்கு? வெட்டாமக் குடுத்தா நல்லியை எப்புடித் தாயி உறிஞ்சுவீக?"

தவக்காலம்

மறுநாள் வேற ஆறு, கூடவே நின்னு வெட்ட விடாம வாங்கினேன். லேப் ஃப்ரிட்ஜ் படுத்துக்கிச்சு. அதனால உப்புத்தண்ணித் துணியில சுத்தி எங்க வீட்டு ஃப்ரீசர்ல வச்சேன். வியாழன் விடியக்காலை பஸ்ஸுக்குக் கெளம்பிப் பாத்தா ஃப்ரீசர் காலி! அம்மா பக்கத்து வீட்டுக்குக் குடுத்துட்டாக. தலைதெறிக்க ஓடினேன். ரெண்டு எலும்பு குக்கர்ல வெந்து விசில் அடிச்சுக்கிட்டு இருந்துச்சு. வேகாத நாலை மீட்டேன். கறிக்கடை திறக்க நேரம் கெடக்கு. அம்மாகிட்டக் கத்தினதுக்கு அவுக சொன்னது: "ஈஸ்டர் வரைக்கும் கறி தொடாத வீட்டுல எலும்பு இருந்தா, பாக்குறவுக என்னடி சொல்லுவாக?"

நாலும் ஆறும்

காரைக்குடி போயி நாலுலயும் திருகைப் பிடுங்கி அளந்தாச்சு. மீதிக்கு எங்க போக? கூட ஆராய்ச்சி பண்ற அக்கா காதைக் கடிச்சாக: "நாலு அளவுக்கும் நடுவுல ரெண்டு நம்பரை நீயே எழுதிக்க, எவடி வந்து எலும்பை எண்ணப் போறா?"

சொல்ல வெக்கமா இருக்கு, எழுதிட்டேன். பென்சில்ல. வேலை கைவிட்டுப் போயிருமேன்னு பயம். மெஷின் ஓட்டுற அண்ணன் அதைப் பாத்துட்டாரு. திட்டுவாருன்னு நின்னா, பேண்ட்டை முழங்கால் வரைக்கும் சுருட்டித் தழும்பைக் காட்டினாரு. "வண்டியில விழுந்தப்ப திருகு வச்சாக. அதை எத்தனை எலும்புல அளந்தாகளோ தங்கச்சி, நான் நம்பித்தான் நடக்குறேன்."

ரெண்டையும் அழிச்சேன், வேலைக்கு மனுப் போடல. உடைஞ்ச எலும்பு கூடுறதுக்கு ஆறு வாரம் போதுமாம், எனக்கு ஆறு எலும்பு கூடுறதுக்கு ரெண்டு மாசம் ஆகுது.