மூணுதரம் ஆஜர் இல்லை

தெருவில் அவருக்கு மூணுதரம் என்று பெயர். ஓய்வு பெறும்வரை கோர்ட்டில் டவாலியாக இருந்தவர். வழக்கு எடுக்கும்போது வாசலில் நின்று ஆளின் பெயரை மூன்று தரம் கூவுவதுதான் வேலை. மூன்றாவதற்கும் ஆள் வராவிட்டால், "ஆஜர் இல்லை" என்பார். உள்ளே எழுதிவிடுவார்கள். அப்புறம் அந்த ஆள் மூச்சிரைக்க ஓடிவந்து காலில் விழுந்தாலும் ஒன்றும் நடக்காது.

ஓய்வுக்குப் பிறகு கோர்ட்டு அவரை விட்டது. அவர் கோர்ட்டை விடவில்லை. சாயங்காலமானால் மாடிப்படியில் நின்று பழைய வழக்குக்காரர்களைக் கூப்பிட ஆரம்பித்தார். செத்துப்போனவர்கள், ஊரைவிட்டுப் போனவர்கள், சமாதானமாகிச் சம்பந்தியானவர்கள். ஒருநாள் ஒருவர் நிஜமாகவே பதறிக்கொண்டு வந்து, "அந்தச் சுவர் கேஸு இன்னுமா முடியலை?" என்று கேட்டார். தெரு வயிறு குலுங்கச் சிரித்தது. தங்கை மட்டும் சிரிக்கவில்லை. அண்ணன் சாப்பிடாமல், தூங்காமல், யாராவது வருவார்களா என்று நின்றபடியே மெலிந்துகொண்டிருந்தார். தைத்துக்கொண்டிருந்த துணியை அப்படியே போட்டுவிட்டு அவள்தான் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போனாள்.

அங்கே கிணறு வெட்டப் பூதம் கிளம்பியது. மாத்திரையை மறுக்கிறார், வார்டிலேயே வைத்துக் கட்டாயமாக ஊசி போட வேண்டும் என்று ஆஸ்பத்திரி கோர்ட்டுக்குப் போனது. அவசரம் என்று முதலில் போட்ட ஊசியில் அண்ணன் நனைந்த மூட்டையாகக் கிடந்ததை அவள் பார்த்திருந்தாள். அவர் வீட்டுக்கு வந்தால் போதும், வேறொன்றும் வேண்டாம் அவளுக்கு. ஆளை நேரில் கேட்காமல் உத்தரவு போட மாட்டேன் என்றார் நீதிபதி. ஆனால் அவர் ஆஜராகாவிட்டால் டாக்டர் சொல்வதுதான் முடிவு.

விசாரணை அன்று பார்த்துப் புது டவாலிக்குத் தொண்டை கட்டிக்கொண்டது. ஆஸ்பத்திரியிலிருந்து நர்ஸோடு வந்து வாசலில் நின்ற பழைய ஆளைக் கண்டதும் அவருக்கு உயிர் வந்தது.

"அண்ணே, நல்ல நேரத்துல வந்தீங்க. எனக்குக் காத்துதான் வருது. இன்னைக்கு ஒருநாள் நீங்களே கூப்பிட்டுடுங்க."

மூணுதரம் மேல் பித்தானைப் போட்டுக்கொண்டு வாசலில் நின்றார். முதலில் எடுத்த வழக்குகள் மணி மணியாக நடந்தன. அடுத்து குமாஸ்தா சொன்ன பெயர் அவருடையது. பிசிறில்லாமல் மூன்று தரம் கூவினார். இரண்டு பக்கமும் பார்த்தார்.

"ஆஜர் இல்லைங்க ஐயா."

குமாஸ்தா பேனாவைத் திறந்தார். தங்கை எழுந்து, "ஐயா, அவர்தாங்க இவர்" என்றாள்.

நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார். "நீங்கதானே அது?"

"நான் டூட்டில இருக்கேங்க. அந்த ஆள் வரலை."

"அண்ணே, அந்த ஆள் வரலைன்னா உனக்குத்தான் ஊசி போடுவாங்க."

"அதுக்கு நான் என்னம்மா பண்றது? கூப்பிட்டாச்சு. சொந்தக்காரன்னு நாலாவது தரம் கூப்பிட முடியுமா?"

"இதைவிட என்னங்க சாட்சி வேணும்?" என்றார் டாக்டர்.

"கூப்பிட்டது முறையாத்தாங்க கூப்பிட்டாரு" என்றார் குமாஸ்தா.

"கூப்பிடறவரே தன்னைக் கூப்பிட்டுக்கிட்டா எப்படிங்க வருவாரு? நான் கூப்பிட்டுப் பார்க்கட்டுங்களா?" என்றாள் தங்கை.

நீதிபதி கண்ணாடியை மறுபடி மாட்டிக்கொண்டார். "சரி. முதல்லேர்ந்து எடுத்துக்குவோம். கூப்பிடும்மா."

வாசலுக்குப் போன பிறகுதான் அவளுக்கு உறைத்தது. பிறந்ததிலிருந்து அண்ணன் பெயரை அவள் வாயால் சொன்னதே இல்லை. அண்ணன் என்றால் அண்ணே, அவ்வளவுதான். முதல் தரம், புது டவாலியைப் போல அவளுக்கும் காற்றுதான் வந்தது. இரண்டாம் தரம் பாதிப் பெயரிலேயே யாரோ சிரித்தார்கள். மூன்றாம் தரம் தெருவரைக்கும் கேட்டது.

மூணுதரம், "வழி விடுங்க, வழி விடுங்க" என்று தனக்குத் தானே வழி ஒதுக்கிக்கொண்டு வந்து கூண்டில் ஏறினார்.

"வந்துட்டேங்க ஐயா."

"ஏன் மாத்திரை வேணாங்கறீங்க?"

"வேணாம்னு எப்பங்க சொன்னேன்? கூப்பிடலைங்க."

"தினமும் நர்ஸ் கூப்பிடறாங்களாமே."

"ஒரு தரம் கூப்பிட்டுட்டு அடுத்த ஆளுக்குப் போயிடறாங்க. நானும் பாக்கி ரெண்டுக்காகக் காத்துக்கிட்டேதான் இருக்கேன்."

பின்னால் நின்ற நர்ஸ் முணுமுணுத்தாள். "வார்டு முழுக்க மூணு மூணு தரம் கூப்பிட்டா, அப்புறம் எனக்கு யாரு மாத்திரை தர்றது?"

"இதுவும் நோய்தாங்க" என்றார் டாக்டர்.

"இருக்கட்டும். வார்டுல முடியாது, வீட்டுல முடியும் இல்ல?" என்று நீதிபதி தங்கையைப் பார்த்தார்.

அப்படித்தான் அந்தத் தீர்ப்பு வந்தது. ஊசி கிடையாது, வீட்டுக்குப் போகலாம். மாத்திரை வேளையில் தங்கை அவர் பெயரைச் சொல்லி மூன்று தரம் அழைக்க வேண்டும். மூணுதரம் கூண்டிலிருந்து இறங்கி, "நீ முன்னால போம்மா. பாக்கி கேஸை முடிச்சுட்டு வரேன்" என்றார்.

நோய் ஒரேயடியாகப் போய்விடவில்லை. எப்போதாவது மாடிப்படியிலிருந்து ஒரு பழைய பெயர் கேட்கும். ஆனால் சாப்பிட்டார், தூங்கினார். சாயங்காலம் தங்கை வாசலில் நின்று கூவினால், "கோர்ட்டு கூடியாச்சு" என்று தெருவே விளக்கைப் போடும். இரண்டாவதிலேயே செருப்புச் சத்தம் வந்துவிடும். ஆனாலும் கதவுக்குப் பின்னால் நின்று, மூன்றாவது முடிந்த பிறகுதான் கையை நீட்டுவார்.

இந்த மழைக்காலத்தில் ஒரு சாயங்காலம், தம்ளரில் தண்ணீரை வைத்துவிட்டுக் கூப்பிட்டாள். மூன்று தரமும் முடிந்தது. செருப்புச் சத்தம் வரவில்லை. உள்ளே போய்ப் பார்த்தால் ஆஜர் இல்லை என்று ஆகிவிடுமோ என்று அவள் போகவில்லை. நின்ற இடத்திலேயே நின்று, நான்காவது தரமும் கூப்பிட்டாள்.