வீட்டு நம்பருக்கு வந்த முதல் நேயர்

லண்டனில் எங்கள் தமிழ்த் தொலைக்காட்சி நேரலையைத் தொடங்கியபோது தயாரிப்பாளர் நான்தான். பெரிய ஆள் என்று நினைத்துவிடாதீர்கள். எட்மண்டனில் ஒரு தளபாடக் கடையின் மேல்மாடி, இரண்டு கமரா. அறிவிப்பாளருக்குப் பவுடர் பூசுவதும் நான், திரையில் ஓடும் எழுத்தை அடிப்பதும் நான்.

முதல் நிகழ்ச்சி, ஞாயிறு மத்தியானம் நேயர்கள் ஃபோனில் சொல்லும் பிறந்தநாள் வாழ்த்து. தொலைக்காட்சி முதலாளியோடு மாதக்கணக்கில் சண்டை பிடித்து வாங்கிய அரை மணி நேரம் அது.

"ஒருத்தரும் எங்களுக்கு ஃபோன் எடுக்காட்டி அடுத்த கிழமை பழைய படம்தான், தங்கச்சி" என்றார் முதலாளி.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. "இருந்து பாருங்கோ அண்ணை, அடிச்சபடியே இருக்கும்!"

தொடங்கினோம். ஐந்து நிமிடம் போனது. பத்தும் போனது. தொலைபேசி கல்லுப்பிள்ளையார் மாதிரி இருந்தது. அறிவிப்பாளர் பிள்ளை லண்டன் மழையைப் பற்றி மூன்றாம் தடவையாகச் சிரித்துச் சிரித்துக் கதைத்தாள். முதலாளி பழைய படத்தின் கசெட்டைக் கையில் எடுத்தே விட்டார்.

அப்போதுதான் என் மொபைல் அடித்தது. தெற்கு லண்டன் சட்டனில், வீட்டில் இருந்த என் கணவர்.

"உமக்கென்ன விசரே? டிவியில எங்கட வீட்டு நம்பரெல்லே ஓடுது! வைக்க வைக்க அடிக்குது. சோறு வடிக்க ஏலாமல் நிக்கிறன்."

நிமிர்ந்து திரையைப் பார்த்தேன். ஐயோ! எத்தனை படிவங்களில் எழுதிப் பழகிய நம்பர். விரல் தன்பாட்டுக்கு அதையே அடித்திருக்கிறது. மாற்ற ஐந்து நிமிடமாவது வேண்டும். முதலாளி அதுவரை பொறுக்கமாட்டார்.

"இப்ப லைனில ஆரும் நிக்கினமே?"

"ஓம், ஸ்ட்ரெதத்தில இருந்து ஒரு அம்மா. மகனுக்கு வாழ்த்துச் சொல்லாமல் வைக்கமாட்டாவாம்."

"அப்ப வீட்டு ஃபோனையும் உங்கட மொபைலையும் தலைகீழாச் சேர்த்துப் பிடியுங்கோ, வாயும் காதும் பொருந்த. கெதியா!"

ஓடிப்போய் அறிவிப்பாளரின் மைக்கில் என் மொபைலை அழுத்தினேன். என் கையும் காப்பும் திரையில் தெரிந்தன. தெரியட்டும்!

"ஹலோ, வணக்கம்…" அம்மாவின் குரல்! எனக்குத் துள்ளிக் குதிக்க வேண்டும் போல இருந்தது. அடுத்த கணம் அவர் வீட்டு டிவியிலிருந்து அதே வணக்கம் திரும்பி வந்து கத்தியது. உடனே எல்லா வீடுகளுக்கும் கேட்க, என் கணவரின் அதட்டல்: "அம்மா, முதல்ல டிவி சத்தத்தைக் குறையுங்கோ!"

அந்த அம்மா வைக்க அடுத்தவர், அவர் வைக்க இன்னொருவர். கடைசி நிமிடம் வரை கை கடுக்கக் கடுக்க இரண்டு ஃபோனையும் பிடித்தபடி நின்றார் மனுசன்.

முடிந்ததும் முதலாளி கசெட்டை அலுமாரியில் வைத்துப் பூட்டினார்.

"அடுத்த கிழமை ஒரு மணித்தியாலம் செய்வம், தங்கச்சி. ஆனா அந்த நம்பரை மாத்திப்போடாதையும்."