டீக்கடைக்காரரைச் சாட்சிக்கு அழைத்த பெண்

பொதுச்சுவர் ஒன்றுக்காக அண்ணனோடு வழக்காடி, வாழ்வின் நல்ல பகுதியை விருதுநகர் கோர்ட் வராந்தாவில் கழித்தவன் நான். அங்கேதான் அந்த அம்மாவைப் பார்த்தேன். விஸ்வநத்தம் பக்கத்துப் பட்டாசுத் தொழிலாளி. சும்மா உட்கார்ந்திருந்தாலும் விரல்கள் வெடிக்குத் திரி செருகிக்கொண்டே இருக்கும். தாலுகா ஆபீசில் சாதிச் சான்றிதழை ஒரு வருடம் இழுத்தடித்ததில் மகளின் நர்சிங் சீட் போயிற்று. மகளும் இப்போது அதே பட்டாசுக் கம்பெனியில். அதற்கு அதிகாரி பதில் சொல்ல வேண்டும் என்பது வழக்கு.

“விசாரிச்சும் எங்க சாதி தெரியலைன்னு ஆபீசர் எழுதிக் குடுத்திருக்காரு சார். அதான் எங்க ஊரு டீக்கடை அண்ணாச்சியைச் சாட்சிக்குக் கூப்பிட்டிருக்கேன். எங்களைப் பாத்ததுமே தனி டம்ளரை எடுக்கிறவரு. அவருக்குத் தெரிஞ்சது இவுகளுக்குத் தெரியாதாக்கும்?”

இப்படியொரு சாட்சி என் வக்கீலுக்குத் தோன்றியதே இல்லை என்று பொறாமைப்பட்டேன்.

அண்ணாச்சி கூண்டில் ஏறினார். தனி டம்ளர் வைத்தால் ஜெயில் என்று யாரோ அவருக்குச் சொல்லியிருந்தார்கள்.

“நம்ம கடையில எல்லாருக்கும் ஒரே டம்ளர்தாங்கய்யா. யாரு என்ன சாதின்னு எனக்குத் தெரியவே தெரியாது.”

“ஊர்க்காரருக்கே தெரியாதது ஆபீசருக்கு எப்படித் தெரியும்?” என்றார் எதிர்த்தரப்பு வக்கீல். வழக்கு அங்கேயே செத்தது.

வெளியே அந்த அம்மா அண்ணாச்சியை மறித்தார்.

“கோர்ட்ல சொன்ன வார்த்தை அண்ணாச்சி. நாளைக்குக் கம்பெனிக்குப் போகையில மகளோட கடைக்கு வாரேன். அந்த ஒரே டம்ளர்ல டீ குடுங்க.”

அண்ணாச்சி கும்பிட்டார். “நாளைக்குக் கடை லீவு தாயி.”

அதற்கு மறுநாளும் லீவு விட்டாரா, தெரியாது. அந்த அம்மா மறுநாளும் போயிருப்பார்.