மூணாவது ரவுண்டு

முப்பத்தெட்டு வயதில் வேல்பாண்டி தன் அப்பாவிடம் முதன்முதலாக ஒன்று கேட்டான். கேட்டது காசு இல்லை, நிலம் இல்லை. "யுவராணி ஸ்கூல்ல மட்டும் அந்தக் கதையைச் சொல்லாதீகப்பா. புள்ள முன்னாடி வேணாம்" என்று கேட்டான்.

சுபேதார் சீனிச்சாமி பேப்பரை நாலாக மடித்து மடியில் வைத்தார். மகனை ஏற இறங்கப் பார்த்தார். பிறகு, "சரிலே. நான் சொல்ல மாட்டேன். வாக்கு" என்றார்.

வேல்பாண்டிக்குத் தன் காதையே நம்ப முடியவில்லை. ஆனால் வாக்கு என்றால் வாக்குதான். அவர் சொன்ன சொல் மாறியதில்லை என்பது வன்னியம்பட்டியில் சின்னப் பிள்ளைக்கும் தெரியும். சுதந்திர தினத்துக்கு இன்னும் பத்து நாள் இருந்தது. அன்று ராத்திரி அவன் இரண்டு தோசை கூடச் சாப்பிட்டதாக அவன் பெண்டாட்டி வெங்கடேஸ்வரி சொல்லுவாள்.

அந்தக் கதை என்ன என்று கேட்கிறீர்களா? சொல்கிறேன். அதற்கு முன்னால் சீனிச்சாமி யார் என்று சொல்ல வேண்டும். கார்கில் சண்டையில் கெண்டைக்காலில் குண்டு பாய்ந்த பிறகும், அடிபட்டுக் கிடந்த இன்னொரு சிப்பாயை முதுகில் தூக்கிக்கொண்டு பனிமலையில் ஒரு ராத்திரியும் ஒரு பகலும் இறங்கி வந்தவர். அந்தச் சிப்பாய் பிழைத்தான். இவருக்கு வலது கையில் கட்டைவிரலும் சுண்டுவிரலும் பனிக்குப் போயின. இதில் ஒரு எழுத்துகூடப் பொய் கிடையாது. அதுதான் கொடுமை. பொய்யாக இருந்திருந்தால் வேல்பாண்டி என்றைக்கோ பிழைத்துப் போயிருப்பான்.

அவர் ஊர் திரும்பிய அன்று, மெயின் ரோட்டிலிருந்து ஊருக்குப் பிரிகிற விலக்கில் தோரணம் கட்டி, கொட்டுமேளத்தோடு திறந்த ஜீப்பில் கூட்டி வந்தார்கள். பதின்மூன்று வயது வேல்பாண்டி கூட்டத்தைப் பிளந்துகொண்டு ஓடி, ஜீப்பின் மேல் தொற்றி ஏறி, "அப்பா" என்று இடுப்பைக் கட்டிக்கொண்டான். ஏழு மாதமாக உயிரோடு வருவாரா மாட்டாரா என்று கிடந்த பிள்ளை. அவர் அவன் கையைப் பிரித்துவிட்டு, "நிமிர்ந்து நில்லுலே, போட்டோ எடுக்காக" என்றார். அந்தப் போட்டோ இன்னமும் வீட்டில் தொங்குகிறது. அதில் பையன் விறைப்பாக நிற்கிறான், கண் மட்டும் கலங்கியிருக்கிறது. பார்க்கிறவர்கள் எல்லாம் பெருமையில் கலங்கியது என்கிறார்கள்.

காயத்தோடு பட்டாளத்தை விட்டு வந்தவருக்கு, ஆள வீட்டில் இரண்டே பேர்தான் இருந்தார்கள். ஐந்து மணிக்கு எழ வேண்டும். தலையணை விளிம்பும் பாய் விளிம்பும் ஒரே கோட்டில் இருக்க வேண்டும். சோற்றுத் தட்டில் ஒரு பருக்கை கிடந்தால் அடி. அழுதால் அடி, அழாமல் நின்றால் திமிர் என்று அடி. ஒன்பதாம் வகுப்பில் ஒருநாள் அவன் கன்னத்தில் மூன்று விரல் தடம் பதிந்து கிடந்தது. மூன்றே விரல். யார் கை என்று யாரிடம் போய் விசாரிக்க வேண்டும்? வாத்தியார் அதை உற்றுப் பார்த்துவிட்டு, "குடுத்து வச்சவன்லே நீ. எங்களுக்கெல்லாம் இப்படி ஒரு அப்பா இருந்திருந்தா எங்கயோ போயிருப்போம்" என்றார். நல்ல வாத்தியார்!

கட்டைவிரல் இல்லாததால் அவரால் மெடலைத் தானாகக் குத்திக்கொள்ள முடியாது. அது வேல்பாண்டியின் வேலை. ஐந்து மெடல்கள், வரிசை மாறக் கூடாது, துணியால் துடைத்துவிட்டு நெஞ்சில் குத்த வேண்டும். ராஜபாளையத்திலிருந்து தளவாய்புரம் வரைக்கும் எந்தப் பள்ளிக்கூடத்தில் கொடி ஏற்றினாலும் அவர்தான் சிறப்பு விருந்தினர். மேடை ஓரத்தில் காலி மெடல் பெட்டியோடு நிற்பவன் இவன்.

அவனுக்குப் பதினெட்டு வயதானபோது ராணுவத்துக்கு ஆள் எடுத்தார்கள். வேல்பாண்டிக்கும் ஆசைதான். சும்மா சொல்லக் கூடாது, ஊரிலேயே நன்றாக ஓடுகிறவன் அவன். ஆயிரத்து அறுநூறு மீட்டர், நாலு ரவுண்டு. ஐந்தேகால் நிமிடத்தில் முடித்துவிட்டு மூச்சு வாங்காமல் பேசுவான்.

ஓட்டத்துக்கு முந்தின நாள் மத்தியானம் புதுக் கேன்வாஸ் ஷூவுக்கு வெள்ளை பூசி வெயிலில் காயவைத்திருந்தான். அப்பா வந்து ஒரு விரலால் தடவினார். விரலில் வெள்ளை ஒட்டியது. "பூசுன நேரம் என்ன?" என்றார். "இப்பத்தாம்ப்பா." "காலையில பூசச் சொன்னேன்ல?" அவ்வளவுதான். "ஷூ காயுற வரைக்கும் வெறுங்காலோட ஓடுலே. விலக்கு வரைக்கும் போயிட்டு வா. நான் போதும்னு சொல்ற வரைக்கும் ஓடு."

சித்திரை மாத வெயில். தார் ரோடு இளகி, ஆள் நடமாட்டமே இல்லாமல் கிடந்தது. அந்த ரோட்டில் அவன் ஆறு தடவை போய்த் திரும்பினான். அம்மா சண்முகத்தாய் சொம்பில் தண்ணீரோடு வாசலுக்கு வந்தவள், புருஷன் பார்த்த பார்வையில் அப்படியே நின்றாள். சாயங்காலம் அவன் பாதத்தைத் தூக்கி மடியில் வைத்து, கொப்புளத்துக்கு எண்ணெய் தடவிக்கொண்டே, "பாவி மனுசன், பாவி மனுசன்" என்று வாய்க்குள் அழுதாள். சத்தமாக அழ அந்த வீட்டில் யாருக்கும் அனுமதி இல்லை.

மறுநாள் காலையில் மைதானத்தில் இரண்டு ரவுண்டு முதல் ஆளாக வந்தான். மூன்றாவது ரவுண்டில் கொப்புளம் உடைந்தது. ஷூவுக்குள் ரத்தம் வழுக்கியது. விழுந்தான். எழுந்தான். மறுபடி விழுந்தான். "ஓரமாப் போ" என்று ஒருவன் கொடியை ஆட்டினான்.

இதைத்தான் சீனிச்சாமி கதையாக்கினார். ஒவ்வொரு மேடையிலும், பனிமலையில் நடந்ததை உருக்கமாகச் சொல்லி, பிள்ளைகள் மூச்சைப் பிடித்துக்கொண்டிருக்கும்போது மகன் பக்கம் கையை நீட்டுவார். "என் கால்ல குண்டு இருந்துச்சு, நடந்தேன். எம்மவன் கால்ல புது ஷூ இருந்துச்சு..." கொஞ்சம் நிறுத்துவார். "மூணாவது ரவுண்டுல விழுந்துட்டான்!" மைதானமே கொல்லென்று சிரிக்கும். அவன் பெட்டியைப் பிடித்துக்கொண்டு நிற்பான். சிரிப்பு அடங்கினதும், "அதனால பிள்ளைகளா, மனசுலதான் இருக்கு தைரியம்" என்று முடிப்பார். இருபது வருஷம். எத்தனை சுதந்திர தினம், எத்தனை குடியரசு தினம், எத்தனை ஆண்டு விழா, கூட்டிப் பாருங்கள்.

நடந்ததைக் கண்ணால் பார்த்த ஒரே ஆள் அம்மா. அவளும் இரண்டு வருஷத்தில் போய்விட்டாள். சிறுநீரகம் கெட்டு ஆஸ்பத்திரியில் கிடந்தவள், ஒரு குடியரசு தினத்துக் காலையில், "இன்னைக்குப் போகாதலே, எங்கூட இரு" என்று மகன் கையைப் பிடித்தாள். "மெடல் யாரு குத்துவா?" என்றார் சீனிச்சாமி. போனார்கள். அவர் மேடையில் பேசிக்கொண்டிருக்கும்போதே அங்கே அவள் உயிர் போனது. சேதி வந்ததும் அவர் மைக்கைப் பிடித்து, "என் மனைவி இறந்துவிட்டாள். ஆனாலும் கொடி இறங்கும்வரை நிற்பேன்" என்றார். அடேயப்பா, என்ன கைதட்டல்! பேப்பரில்கூட வந்தது. மகன் அழுதது எந்தப் பேப்பரிலும் வரவில்லை.

கல்யாணமான புதிதில் தார் ரோட்டுக் கதையை வெங்கடேஸ்வரியிடம் சொல்லிப் பார்த்தான். "மாமா செஞ்சாகன்னா அதுல ஒரு நல்லது இருக்கும்" என்றாள் அவள். அதோடு வாயை மூடிக்கொண்டான்.

ராஜபாளையத்துப் பக்கம் ஒரு பேண்டேஜ் கம்பெனியில் துணி சுருட்டும் மெஷினில் அவனுக்கு வேலை. அங்கேயும் அவன் பெயர் "தேர்ட் ரவுண்டு"தான். ஒருநாள் மகள் யுவராணியைக் கம்பெனிக்குக் கூட்டிப் போயிருந்தபோது எவனோ, "ஏலே தேர்ட் ரவுண்டு, டீ வந்துட்டு" என்று கத்தினான். "அப்படின்னா என்னப்பா?" என்றாள் பிள்ளை. "அது இந்த மெஷின் பேரு தாயி" என்றான். அவளும் மெஷினைத் தொட்டுப் பார்த்துவிட்டு, சரி என்று தலையாட்டினாள்.

இந்தப் பத்து வயதுப் பெண் ஒருத்திதான் அவனை விழுந்தவனாகப் பார்க்காதவள். அதைக் காப்பாற்றத்தான் பக்கத்துப் பள்ளிகளை எல்லாம் விட்டுவிட்டு, அப்பா ஒருதரம்கூட மேடை ஏறாத ஸ்ரீவில்லிபுத்தூர்ப் பள்ளி ஒன்றில் சேர்த்தான். ஆனால் பிள்ளைக்கு வாய் சும்மா இருக்குமா? "எங்க தாத்தா மெடல் வாங்குனவுக" என்று வகுப்பில் சொல்லியிருக்கிறாள். தலைமையாசிரியை ஷெரின் டீச்சர் வீடு தேடி வந்து அழைப்பு வைத்துவிட்டுப் போனார். அன்றைக்குத்தான் வேல்பாண்டி அப்பாவிடம் கேட்டது.

வாக்குக் கொடுத்த மறுநாளிலிருந்து தாத்தாவும் பேத்தியும் சாயங்காலமானால் மொட்டைமாடியில். கீழே வேல்பாண்டிக்கு, "சத்தமா", "நிமிர்ந்து", "செத்த நேரம் நிறுத்து, பொறவு சொல்லு" என்று காதில் விழும். "என்னட்டி நடக்கு?" என்று கேட்டால், "ஸ்கூல்ல பேசப் போறேன். சர்ப்ரைஸ்" என்று சிரிப்பாள். தன்னை ஒருநாளும் தோளில் கை போட்டுப் பேசாத மனிதர் பேத்தியோடு மணிக்கணக்காக உட்கார்ந்திருக்கிறாரே என்று அவனுக்கு உள்ளுக்குள் சந்தோஷம். வயசு மனுஷனை மாற்றத்தானே செய்யும் என்று நினைத்தான். நினைத்தான், பைத்தியக்காரன்.

ஆகஸ்ட் பதினைந்து. கொடி ஏறியது. சீனிச்சாமி பேசினார். பனி, குண்டு, முதுகில் முனகிய சிப்பாய், எல்லாம் வந்தது. "என் கால்ல குண்டு இருந்துச்சு, நடந்தேன்" என்றார். நிறுத்தினார். மேடை ஓரத்தில் வேல்பாண்டி மெடல் பெட்டியை இறுக்கிப் பிடித்தான். அவர் திரும்பி மகனைப் பார்த்தார். லேசாகச் சிரித்தார். "ஜெய் ஹிந்த்!" என்று சல்யூட் வைத்துவிட்டு உட்கார்ந்தார்.

வேல்பாண்டி பெட்டியைக் கீழே வைத்துவிட்டுக் கை வலிக்கத் தட்டினான். கண்ணில் தண்ணீர் முட்டியது. இருபது வருஷத்து அடியையும் அந்த நிமிஷத்தில் மன்னித்துவிட்டான் என்றுதான் சொல்ல வேண்டும்.

"இப்போ ஐயாவோட பேத்தி, நம்ம ஐந்தாம் வகுப்பு யுவராணி பேசுவாங்க" என்றார் ஷெரின் டீச்சர்.

வெள்ளைச் சட்டையில் காகிதக் கொடி குத்திக்கொண்டு யுவராணி மைக் முன்னால் வந்து நின்றாள். நிமிர்ந்து நின்றாள். "எங்க தாத்தா கால்ல குண்டு இருந்துச்சு, நடந்தாக" என்றாள் கணீரென்று. தாத்தாவைப் போலவே வலது கையை அப்பா பக்கம் நீட்டினாள். "எங்க அப்பா கால்ல புது ஷூ இருந்துச்சு..." நிறுத்தினாள். எத்தனை எண்ண வேண்டுமோ அத்தனை எண்ணினாள். "மூணாவது ரவுண்டுல விழுந்துட்டாக!" சொல்லிவிட்டு மேடையிலேயே நொண்டி நொண்டி ஓடிக் குப்புற விழுந்தும் காட்டினாள்.

அப்படி ஒரு சிரிப்பை எந்த மைதானமும் சிரித்ததில்லை. ஷெரின் டீச்சர்கூட வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கினார். அறுநூறு பிள்ளைகள் எக்கி எக்கி அவன் காலைப் பார்த்தார்கள். சீனிச்சாமி கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தார்.

கூட்டம் கலைந்தபின் வண்டி நிறுத்துமிடத்தில் வேல்பாண்டி அப்பாவின் நெஞ்சிலிருந்து மெடல்களைக் கழற்றினான். ஊசி முனை அவர் சட்டைக்கும் தோலுக்கும் நடுவில் இருந்தது. "நான் சொல்லலயேலே" என்றார் அவர். "குடுத்த வாக்கைக் காப்பாத்திட்டேன்." ஐந்தையும் வரிசை மாறாமல் பெட்டியில் வைத்து மூடினான்.

யுவராணி மிட்டாயோடு ஓடிவந்தாள். "நல்லாச் சொன்னேனாப்பா?"

"நல்லாச் சொன்ன தாயி." அவன் அவள் முன்னால் குத்தவைத்து உட்கார்ந்தான். அப்பா கேட்கட்டும் என்றே சொன்னான். ஷூவுக்கு வெள்ளை பூசியது, தார் ரோடு, ஆறு தடவை, அவள் ஆச்சி சொம்போடு நின்றது, கொப்புளம், ரத்தம், ஒன்றையும் விடவில்லை. சொல்லச் சொல்ல நெஞ்சுப் பாரம் இறங்கினது போல இருந்தது அவனுக்கு. "அதனாலதான் அப்பா விழுந்தேன். ஓடத் தெரியாம இல்ல" என்று முடித்தான். சீனிச்சாமி கொடிக்கம்பத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

யுவராணி தாத்தாவைப் பார்த்தாள், அப்பாவைப் பார்த்தாள்.

"தாத்தா சொன்னாகப்பா" என்றாள். "நான் பேசி முடிச்சதும் நீங்க கூப்பிட்டு ஒரு வெறுங்கால் கதை சொல்லுவீக, அழுவீக, நம்பிராதன்னு மாடியிலயே சொன்னாக. நெசமாவே சொல்றீகளே."

"இல்ல தாயி, சத்தியமா..."

"அன்னைக்கு மெஷின் பேருன்னும் சொன்னீகல்லப்பா?" அவள் குரலில் கோபம் இல்லை. மிட்டாயில் பாதியைக் கடித்து மீதியை அவன் கையில் வைத்தாள். "பரவால்லப்பா. விழுந்தா விழுந்தேன்னு சொல்லிரணும். பொய் சொல்லக் கூடாது."

தாத்தாவின் மூன்று விரல் கையைப் பிடித்துக்கொண்டு அவள் வண்டிப் பக்கம் நடந்தாள். வேல்பாண்டி எழுந்து, மெடல் பெட்டியை பைக்கின் டேங்க் கவரில் வைத்துவிட்டு, அவர்கள் இரண்டு பேரும் ஏறுவதற்காக வண்டியைச் சாயாமல் பிடித்துக்கொண்டு நின்றான்.