நான் மழை கேட்டேன், அவ வெயில் கேட்டா

எங்க வீட்டுல அந்த வருசம் தெனமும் ரெண்டு ஜெபம் நடந்துது. காலையில எழும்பின உடனே எனக்க வீட்டுக்காரி முழங்கால் போடுவா. "ஆண்டவரே, கூரை மேயுற வரைக்கும் மழையைக் கொஞ்சம் நிறுத்தி வையும்"னு சத்தமா கேப்பா. நானும் பக்கத்துலயே முழங்கால் போட்டுக்கிட்டு, "ஆண்டவரே, அவ பேச்சைக் கேக்காதேயும், மழையை இன்னைக்கே விடும்"னு வாய்க்குள்ள முணுமுணுப்பேன். பொறவு ரெண்டு பேருமா சேந்து ஒரே ஆமென்.

எனக்க பக்கத்து நியாயத்தையும் கேட்டுட்டு ஏசுங்க. நான் குடை ரிப்பேர்காரன். சாலைக் கடைத்தெருவுல ஒரு துணிக்கடை ஓரமா சாக்கை விரிச்சு உக்காந்திருப்பேன். இந்தத் தொழிலுக்கு ஒரு கிறுக்கு உண்டு. வெயில் காலத்துல ஜனங்க வீட்டைப் பெருக்கும்போது ஒடிஞ்ச குடை கண்ணுல படும். கொண்டாந்து எனக்க மடியில போடுவாங்க. கம்பி மாத்தி, சீலை தைச்சு, பிடியைத் தேச்சு வச்சா, "மழை வரட்டும், வாங்கிக்கிடுதேன்"னு ஒரு போக்கு. குடையை வாங்கினாத்தானே கூலி? அதுவரைக்கும் ஊருல உள்ள குடை எல்லாம் எனக்க வீட்டு மூலையில வவ்வாலு மாதிரி தொங்கிக் கெடக்கும்.

கூலி வந்தா ஓலை வாங்கலாம். ஓலை வாங்கினா கூரை மேயலாம். கூரை மேஞ்சா மழை வரலாம். ஆனா மழை வந்தாத்தான் கூலி. இது நான் பள்ளிக்கூடத்துப் பக்கமே போகாம கண்டுபிடிச்ச கணக்கு. போனவங்க நாலு பேருகிட்ட கேட்டும் பாத்தேன், ஒருத்தனும் விடை சொல்லல்ல.

அவ பக்கத்து நியாயம் இன்னும் பெருசு. அவ அப்ப நிறைமாசம். அம்மை இல்லாதவ. இருக்கப்பட்ட ஒரே அண்ணன் போனக்காட்டு மலையில தேயிலை எஸ்டேட்டு லயத்துல கெடந்தான். அந்த மலைக்குப் பஸ்ஸு போனாப் போச்சு, வந்தா வந்துது. அதை நம்பி நிறைமாசக்காரியை ஏத்தி விட முடியுமா? அதனால பேறு எங்க குடிசையிலதான்னு ஆச்சு. அந்தக் குடிசையில பாயில மல்லாந்து கெடந்தா நட்சத்திரம் தெரியும். முதல்ல பொறந்த பிள்ளையை முந்தின மழைக்காலத்துல, இதே கூரைக்குக் கீழே, சளி கட்டிப் பறிகொடுத்தோம். அதனால அவ வெயில் கேட்டா. அவ கேட்டதுல ஒரு தப்பும் இல்ல.

"அப்படியிருந்தும் நீ மழை கேட்டியாலே?"ன்னு கேப்பீங்க. திருவிதாங்கூரையும் கொச்சியையும் ஒண்ணாச் சேத்து வச்சிருந்த காலம். ரெண்டு ராஜ்யமும் சேந்ததுல எனக்கு ஒரு பிடி அரிசிகூட அதிகமா வரல்ல. ரேஷன் அரிசியில கல்லைப் பொறுக்கிப் போட்டா மிச்சம் சொல்லும்படியா ஒண்ணும் இருக்காது. வயித்துப்பிள்ளைக்காரி மூணு நேரமும் கப்பைக் கிழங்கையே தின்னா பிள்ளை கிழங்கு நிறத்துலதானே பொறக்கும்?

வீட்டுக்கார அண்ணாச்சிகிட்டேயும் போனேன். திருநெல்வேலிப் பக்கத்து ஆளு, சாலையில பலசரக்கு யாவாரம். குடிசை அவருக்குச் சொந்தம்.

"அண்ணாச்சி, ஓலை போட்டுத் தாங்க. பிள்ளை பொறக்கப் போவுது."

"பொறுமையா இருடே. எல்லாம் மேல உள்ளவன் பாத்துக்கிடுவான். நம்ம பத்மநாபசாமி படுத்துக்கிட்டே இந்த ஊரையே பாத்துக்கிடலையா? ஒன் கூரையைப் பாக்க மாட்டாரா?"

"அவருக்கென்ன அண்ணாச்சி, தலைக்கு மேல பாம்பு குடை புடிக்கு. எனக்க கூரையிலயும் ஒரு பாம்பு கெடக்கு. அது எலிதான் புடிக்கும்."

அண்ணாச்சி குலுங்கிக் குலுங்கிச் சிரிச்சாரு. சிரிச்சிட்டு, பிடி ஆடிப்போன தனக்க குடையை எடுத்து, "இதையும் கொஞ்சம் பாத்து வையி"ன்னு தந்தாரு. அவருகிட்ட நான் கூலி வாங்கதில்ல. அது அவருக்கும் தெரியும்.

பொறவு சபையில உபதேசியாரைப் புடிச்சேன்.

"ஐயா, ஒரு வீட்டுலேருந்து புருசன் ஒரு மனு, பெஞ்சாதி ஒரு மனுன்னு எதிரெதிரா போனா ஆண்டவரு எதுல கையெழுத்துப் போடுவாரு?"

"ஜெபத்துல யாரு கண்ணைத் திறக்கலையோ அவங்க மனுவுல."

அந்த மனுசன் பிரசங்க மேடையில நின்னுக்கிட்டு எனக்க கண்ணைப் பாத்து வச்சிருக்காரு! 'அப்படின்னா நீரு கண்ணைத் திறந்ததுனாலதானே எனக்க கண்ணைப் பாத்தீரு'ன்னு கேக்க வாய் வந்துது. பக்கத்துல நின்ன வீட்டுக்காரி இடுப்புல ஒரு இடி இடிச்சா, அடங்கினேன்.

எடவப்பாதி, நம்ம வைகாசி நடுவு, வந்தா வானம் பொத்துக்கிட்டு ஊத்தணும், அதாக்கும் இந்த ஊரு வழக்கம். அந்த வருசம் எடவப்பாதியும் தாண்டிச்சு. வானம் துடைச்சு வச்ச கண்ணாடி மாதிரி கெடக்கு. ஒருத்தனும் குடையைத் தேடி வரல்ல. கெணத்துல தண்ணி அடிக்குப் போச்சு. ஊரெல்லாம் அண்ணாந்து பாத்துப் பெருமூச்சு விடுது. எனக்க வீட்டுக்காரி மட்டும் ஸ்தோத்திரம் சொல்லிக்கிட்டிருந்தா. அந்த வெயிலுலயே பிள்ளையும் பொறந்துது. பொம்பளைப் பிள்ளை. கிழங்கு நிறமில்ல, நல்ல நிறந்தான்.

அதுக்க மொகத்தைப் பாத்த அன்னைக்கு எனக்குள்ள என்னமோ ஆச்சு. காலையில ஜெபத்துல நான் முதல்முதலா அவ பக்கம் சேந்தேன். "ஆண்டவரே, நான் கேட்டதை மறந்துரும். மழை பையவே வரட்டும். கூலி இல்லன்னாலும் நாங்க கெடந்துக்கிடுதோம்"னு சொன்னேன். கண்ணைக்கூட இறுக்கி மூடிக்கிட்டேன்.

மறுநாள் மத்தியானம் மழை.

கவர்மெண்டு ஆபீஸு மாதிரிதான் அங்கயும்னு நினைக்கேன். பழைய மனு பையப் பைய நகந்து, வேண்டாம்னு நான் எழுதிக் குடுத்த பொறவு கையெழுத்தாகி வந்திருக்கு.

சாலையில சாக்குல உக்காந்திருக்கேன். கடல் பக்கத்துலேருந்து ஒரு காத்து. புழுதி சுழண்டுது. முதல் சொட்டு எனக்க மூக்குல விழுந்துது. எத்தனை மாசம் காத்திருந்த சொட்டு! புத்தியா வேலை செய்யும்? எழும்பி நின்னு நடுத்தெருவுல ரெண்டு குதி குதிச்சேன். மூணாவது குதியிலதான் பிள்ளை ஞாபகம் வந்துது. சாக்கு, ஊசி, கம்பி எல்லாத்தையும் போட்டுட்டு ஓடினேன். வாழைக்குலை விக்கவன் பின்னாலேருந்து கூப்பிடுதான், "எடோ, குடைக்காரா, நினக்கு ஒரு குடை இல்லியோடா?"ன்னு. ஊருக்கெல்லாம் குடை நீட்டின பயல் முண்டு வேட்டியைத் தூக்கிக் கட்டிக்கிட்டு நனைஞ்ச கோழி மாதிரி ஓடுதான். தெருவே சிரிச்சிது.

வீட்டுக்குள்ள போனா உள்ளயும் மழை. அவ கயித்துக் கட்டில்ல பிள்ளையை மடியில போட்டு, அதுக்கு மேல கவுந்து குனிஞ்சு இருந்தா. கூரை செய்யவேண்டிய வேலையை அவளுக்க முதுகு செஞ்சிது. உதடு மட்டும் அசையுது.

"என்ன பிள்ளே, மழையை நிறுத்தச் சொல்லி கேக்கியா?"

"ஒண்ணும் கேக்கல்ல. ஆண்டவரே, இருக்கீருதானேன்னு கேட்டேன்."

நான் அழுதா அவளும் அழுவா, அதனால மூலையைப் பாத்தேன். அங்க தொங்குது, ஊராருக்க குடை அத்தனையும். இவ்வளவு நேரம் தோணாத மண்டை எனக்க மண்டை.

ஒண்ணொண்ணா விரிச்சேன். கட்டில் கால்ல, சட்டத்துல, பிடியைச் சேத்துக் கட்டினேன். முதல்ல ஒரு குடைத் தண்ணி அடுத்த குடைக்கு அடியில பாஞ்சு அவ கழுத்துலயே விழுந்துது. பொறவு ஓடு வேயுறது மாதிரி ஒண்ணுக்க ஓரத்தை ஒண்ணுக்கு மேல ஏத்திக் கட்டினதும் சரியாச்சு. கட்டிலுக்கு மேல கறுப்புச் சீலையில ஒரு கோயில் மண்டபமே எழும்பிட்டுது. மிச்ச குடையை மல்லாத்தி ஒழுகுத இடத்துல வச்சேன், தண்ணி புடிக்க. கூட்டத்துலயே பெரிய ஓட்டைக்குக் கீழே எந்தக் குடையை மல்லாத்தினேன்னு நினைக்கீங்க? அண்ணாச்சிக்க குடையைத்தான். நல்ல அகலமான குடை, குறை சொல்லக்கூடாது.

அப்பதான் வாசல்ல சத்தம்.

"குடைக்காரா! ஏய்! என் குடையைக் கொடு!"

ஸ்ரீவராகம் அக்கிரகாரத்துச் சாமி. ஆபீஸுல குமாஸ்தா. வாழை இலையைத் தலையில கவுத்துக்கிட்டு நிக்காரு.

"உள்ள வாங்க சாமி, எடுத்துத் தாறேன்."

"பிரசவமான வீடுன்னா இது? உள்ளே எப்படிடா வரது?" ஒரு இடி இடிச்சுது பாருங்க, சாமி உள்ள நிக்காரு. "சரி, ஆத்துக்குப் போய் ஒரு முழுக்குப் போட்டுண்டாப் போச்சு. பாதி முழுக்கு வழியிலேயே ஆயிடுத்து."

எனக்கு எழுத்து வாசிக்கத் தெரியாது. மடக்கின குடைன்னா பிடியைப் பாத்தே ஆளைச் சொல்லுவேன், விரிச்ச பொறவு எல்லாம் ஒரே கறுப்பு. அவ மிசன் பள்ளிக்கூடத்துல படிச்சவ. உள்பக்கம் வெள்ளை நூலுல தைச்சிருக்க பேரை அண்ணாந்து பாத்து, "சாமிக்க குடை கால்மாட்டுல நிக்கு"ன்னு இருந்த இருப்புலயே சொன்னா. நான் கட்டை அவுத்தேன். அவுத்த சந்துல ஒரு சொட்டு பிள்ளைக்க நெத்தியில விழுந்து அது வீறிட்டுது.

"இரு, இரு, அவுக்காதே! குழந்தை நனையறது!" சாமி எனக்க கையிலேருந்து பிடியைப் புடுங்கி, அதே இடத்துல தானே உயத்திப் புடிச்சாரு. "மழை கொஞ்சம் விடட்டும். இந்த மழையிலே குடை இருந்தும் என்ன பிரயோஜனம்?"

அடுத்தால சாயாக்கடைச் சேட்டன் வந்தான். "எந்தா இது, வீடோ குடைக்கடையோ?"ன்னு கேட்டுக்கிட்டே தனக்க குடைக்குக் கீழே போயி நின்னான். அவனும் நின்ன நிலையில நிறுத்தம். வெளிய கால் வைக்க முடியாத மழை. குடை வாங்க வந்தவங்க குடையைப் புடிச்சுக்கிட்டு எனக்க வீட்டுக்குள்ளயே நிக்காங்க.

கடைசியில அண்ணாச்சி, தலையில சாக்கோட.

"என் குடை எங்கடே?"

காட்டினேன். தரையில தளும்பத் தளும்ப கெடந்துது, கூரைக் கரி கரைஞ்ச தண்ணி, நடுவுல ஒரு பல்லி நீந்துது.

சாமி விடல்ல. "வாரும் ஓய், வாரும். உம்ம வீடு நன்னா இருக்கு. உள்ளே இருந்துண்டே ஆகாசம் பார்க்கலாம்."

"அது வந்து சாமி, பொறுமையா மேயலாம்னுதான்... எல்லாம் அந்தப் பத்மநாபன்..."னு வாயைத் திறந்தாரு. திறந்த வாயில நேரா ஒரு சொட்டு. சேட்டன் சிரிப்பை அடக்க முடியாம குடையை ஆட்டிட்டான், சாமி அதட்டினாரு.

அப்ப எனக்க வீட்டுக்காரி கேட்டா, "எல்லாரும் எங்களுக்காக நிக்கீங்க. தப்பா எடுத்துக்கிடலன்னா நான் ஒரு ஜெபம் பண்ணட்டுமா?"

வேண்டாம்னு சொல்லிட்டு மழையிலயா போவாங்க? அவ கண்ணை மூடினா. சாமிக்க ஆபீஸுக்காகக் கேட்டா, சேட்டனுக்க அடுப்பு நனையாம இருக்கக் கேட்டா. பொறவு சொன்னா, "வீட்டுக்கார அண்ணாச்சியை ஆசீர்வதியும். எங்களுக்கு இருக்க ஒரு இடம் தந்தவரு. வாடகை பிந்தினாலும் வாசல்ல வந்து சத்தம் போட்டதில்ல. அவரு பிள்ளைங்க தலைக்கு மேல உள்ள கூரைக்கு ஒரு கேடும் வராமக் காத்தருளும்."

குத்தலுக்குச் சொல்லுதாளோன்னு நான் கண்ணைத் திறந்து பாத்தேன். இல்ல. மொகத்துல ஒரு பொடிக் கள்ளம் இல்ல. அந்த வார்த்தை எனக்குக் கெடச்சிருந்தா ஊசி மாதிரி குத்தியிருப்பேன். அவ மனசாரக் கேட்டா. அதுதான் அண்ணாச்சியைக் கொன்னுட்டுது. அவரு தலையைக் குனிஞ்சு துண்டால மொகத்தைத் துடைச்சாரு. கூரைத் தண்ணியா வேற தண்ணியான்னு உத்துப் பாத்தேன், கண்டுபிடிக்க முடியல்ல. கூரை அந்த லட்சணத்துல ஒழுகிச்சு. ஆமென்னு சேட்டன்தான் முதல்ல சொன்னான். சாமி வாய்க்குள்ள என்னமோ சுலோகம் சொல்லி அதோட சேத்துக்கிட்டாரு.

மழை கொஞ்சம் தணிஞ்ச உடனே அவங்க ரெண்டு பேரும் கூலியைக் குடுத்துட்டுக் குடையோட போனாங்க. அண்ணாச்சி தனக்க குடையைத் தூக்கி வாசல்ல கவுத்துத் தண்ணியைக் கொட்டினாரு. பல்லியையும் தட்டி விட்டாரு. எனக்க மொகத்தைப் பாக்காமலே, "நாளைக்குக் காலையில ஓலை வரும். நீ ஆளைப் புடிச்சு வையி"ன்னு சொல்லி, குடையை விரிக்காம கட்டிலு பக்கத்துலயே சாத்தி வச்சுட்டு, சாக்கைத் தலையில போட்டுக்கிட்டு எறங்கிப் போனாரு.

வண்டி நிறைய ஓலை வந்துது. காலையில ஒரு வெயிலும் அடிச்சுது, மேஞ்சு முடியத் தக்கன. அவளுக்கு வெயில், எனக்கு மழை, ரெண்டு மனுவுலயும் கையெழுத்து. சாயந்திரம் புது ஓலைக்கு மேல மழை கொட்டுது, உள்ள ஒரு சொட்டு இல்ல. பிள்ளை காஞ்ச துணியில உறங்குது.

அவ முழங்கால் போட்டு நன்றி சொல்லி முடிச்சா. நான் ஆமென் மட்டும் சொன்னேன்.

"நீங்க ஒண்ணும் கேக்கல்லையா?"

"வேண்டாம் பிள்ளே. பயமா இருக்கு."

"ஆண்டவருகிட்ட என்ன பயம்?"

"கேட்டா குடுத்துருவாரு."

அவ வாயைப் பொத்திக்கிட்டுச் சிரிச்சா. அடங்கல்ல. பிள்ளை முழிச்சிட்டுது.